கத்திரி வெயிலில் 200 குஞ்சுகள்: சூட்டுக்கும் புழுக்கத்துக்கும் நடுவே

பின்னணி

திருத்துறைப்பூண்டி பக்கத்துக் கிராமம். கடல் அங்கிருந்து 25 கிலோமீட்டருக்குள். வீட்டில் நான்கு பேர்: நாற்பதை ஒட்டிய ஒரு பெண், அவர் கணவர், கல்லூரி முடித்த மகன், எழுபது தாண்டிய மாமியார். கணவருக்கு அந்த மாதம் முழுக்க போர்செட் தண்ணீரில் குறுவை நாற்றங்கால் வேலை. அதனால் கோழி விஷயம் பெண்ணும் மகனும் பார்த்தது. பாட்டி ஐம்பது வருஷமாகப் பஞ்சாரத்தில் கோழி அடைத்தவர். ஆனால் அடைக்கோழி இல்லாமல், பல்பு வெளிச்சத்தில் குஞ்சு வளர்ப்பதைப் பார்த்தது இதுதான் முதல் தடவை.

மகளிர் குழுவில் வாங்கிய கடனில் ஒரு நாள் வயதுள்ள கலப்பின நாட்டுக்கோழிக் குஞ்சு 200 எடுப்பது என்று முடிவானது. பழைய மாட்டுக் கொட்டகையைச் சுத்தம் செய்து சுண்ணாம்பு அடித்திருந்தார்கள். 12 அடிக்கு 14 அடி. கூரை தகரம். மேற்கிலும் கிழக்கிலும் இடுப்பளவு சுவர், அதற்கு மேல் கம்பி வலை. மற்ற இரண்டு பக்கமும் முழுச்சுவர். தரையில் உமி. நெல்லுக்கு ஊர் என்பதால் உமிக்குப் பஞ்சமில்லை, மூன்று அங்குலத்துக்குப் பரப்பியிருந்தார்கள். நடுவில் 5 அடி விட்டத்துக்குத் தகடு வளையம், அதன் மேல் நான்கு 100 வாட் குண்டு பல்பு. குஞ்சுக்கு 2 வாட் என்ற கணக்கு. இதெல்லாம் மகன் வீடியோ பார்த்துக் குறித்து வைத்துச் செய்தது. தவறு என்று சொல்ல முடியாது. மார்கழியில் அந்தச் சூட்டுக் கணக்கு சரிதான்.

குஞ்சு வந்தது மே 6. கத்திரி தொடங்கி இரண்டே நாள்.

நான் கால்நடை மருத்துவர் இல்லை. பதினைந்து வருஷமாகக் குஞ்சு வளர்த்து விற்கிறேன், அக்கம்பக்கத்தில் கேட்டால் போய்ப் பார்ப்பேன். என்னைக் கூப்பிட்டது மூன்றாம் நாள் விடியலில். முதல் இரண்டு நாள் பற்றி இங்கே எழுதுவது, அவர்கள் சொன்னதும் மகனின் நோட்டில் இருந்ததும்.

முதல் இரண்டு நாள்

நாமக்கல் பக்கமிருந்து வர வேண்டிய வண்டி விடிகாலை ஐந்துக்கு வரும் என்றார்கள். வந்தது பதினொன்றரைக்கு. வழியில் வேறு ஊர்களில் இறக்கிக்கொண்டே வந்திருக்கிறார்கள். இரண்டு அட்டைப் பெட்டி, பெட்டிக்கு 102. நூற்றுக்கு இரண்டு கூடுதலாக வைப்பது பொரிப்பகங்களின் வழக்கம். மொத்தம் 204இல் 3 பெட்டியிலேயே செத்திருந்தன. மீதி 201.

முட்டைக்குள் மிச்சமிருந்த மஞ்சள் கரு குஞ்சின் வயிற்றுக்குள் இருப்பதால் முதல் இரண்டு மூன்று நாள் அது தீனி இல்லாமலும் தாங்கும். அந்த தைரியத்தில்தான் இவ்வளவு தூரம் ஏற்றி அனுப்புகிறார்கள். ஆனால் மஞ்சள் கரு பசிக்கு ஈடு கொடுக்கும், தாகத்துக்கு அவ்வளவாகக் கொடுக்காது. வெயிலில் பெட்டிக்குள் ஆறு மணி நேரம் கூடுதலாக மூச்சு வாங்கிய குஞ்சு, வந்து இறங்கும்போதே காய்ந்துதான் இருந்திருக்கும்.

இறக்கியதும் நான்கு பல்பையும் போட்டார்கள். தண்ணீர்க் குவளை நான்கு. தண்ணீர் மாடித் தொட்டிக் குழாயிலிருந்து. மதியம் இரண்டு மணிக்குக் குஞ்சுகள் எல்லாம் பல்பை விட்டு விலகி, தகடு ஓரமாக வட்டம் கட்டி நின்றன. வாய் பிளந்து, இறக்கையை உடம்பிலிருந்து தள்ளி வைத்துக்கொண்டு. சூடு அதிகம் என்று வீட்டுக்குப் புரிந்துவிட்டது. ஆனால் "முதல் வாரம் 35 டிகிரி வேண்டும்" என்று மகன் குறித்து வைத்திருந்ததால் பல்பை அணைக்கப் பயம். வெப்பமானி கொட்டகைத் தூணில் ஆள் உயரத்தில் தொங்கியது. அது 37 காட்டியதாம். கொஞ்சம்தானே கூட என்று விட்டுவிட்டார்கள்.

அதற்குப் பதிலாகச் செய்தது: வலைப் பக்கம் இரண்டிலும் கோணிச் சாக்கை நனைத்துத் தொங்கவிட்டு, மேலக்காற்று அனலாக வருகிறதே என்று சாக்குக்கு வெளியே தார்ப்பாயும் கட்டி மூடினார்கள். குஞ்சுக்குக் காற்று ஆகாது என்று மின்விசிறியும் வைக்கவில்லை. மணிக்கொரு தரம் சாக்கில் தண்ணீர் தெளித்தார்கள். சொட்டியது முழுக்க உமியில்.

முதல் நாள் 4 செத்தது. இரண்டாம் நாள் பகலில் 14. அன்று இரவும் மறுநாள் விடியலுமாக 9. ஆக 27.

மூன்றாம் நாள் காலை பார்த்தது

ஐந்தரை மணிக்குப் போனேன். வெளியே ஓரளவு இதமாகத்தான் இருந்தது. படுதாவை விலக்கி உள்ளே குனிந்ததும் மூக்குக் கண்ணாடியில் ஆவி படிந்தது. எனக்கு அங்கேயே பாதி விஷயம் தெரிந்துவிட்டது. நனைத்த சாக்கு ஒன்றுகூட இரவு முழுக்கக் காயவில்லை. உமியை ஒரு பிடி எடுத்து அழுத்தினால் உருண்டையாக நின்றது. எச்ச நெடி கண்ணைக் கரித்தது.

சூடு வேறு, புழுக்கம் வேறு. கோழிக்கு வேர்வைச் சுரப்பி கிடையாது. வாயைப் பிளந்து மூச்சு வாங்கித்தான் உடம்புச் சூட்டை வெளியேற்றும். தொண்டையிலும் காற்றுப்பையிலும் உள்ள ஈரம் ஆவியாகும்போது சூடும் சேர்ந்து போகிறது. சுற்றியுள்ள காற்றே ஈரத்தில் ஊறிக் கிடந்தால் ஆவியாக இடமில்லை. குஞ்சு இன்னும் வேகமாக மூச்சு வாங்கும், பலன் குறையும், உடம்புத் தண்ணீர் மட்டும் போய்க்கொண்டே இருக்கும். கோயம்புத்தூர் பக்கம் காய்ந்த காற்றில் நனைந்த சாக்கு நன்றாக வேலை செய்வதை நானே பார்த்திருக்கிறேன். கடலோரக் காவிரிப் படுகையில், அதுவும் மூடிய கொட்டகைக்குள், அதே சாக்கு இட்லிப் பானை ஆகிவிடுகிறது.

அப்புறம் தண்ணீர். மதியம் ஒரு மணிக்கு அந்தக் குழாயைத் திறந்து கையை நீட்டினேன், எடுத்துவிட்டேன். கறுப்புத் தொட்டி, மொட்டை மாடி, வெயிலில் போட்ட குழாய். குவளையில் ஊற்றி வைத்தபோது ஒரு குஞ்சு வந்து அலகை நனைத்தது, தலையை உதறியது, போய்விட்டது. அரை மணி நேரம் உட்கார்ந்து பார்த்தேன். வந்தவை எல்லாம் அதையேதான் செய்தன. "தண்ணி வச்சுக்கிட்டேதான்ணே இருக்கேன், குடிக்கவே மாட்டேங்குது" என்று அந்தப் பெண் சொன்னதன் அர்த்தம் அப்போதுதான் விளங்கியது.

வெப்பமானியைக் கழற்றிக் குஞ்சின் முதுகு உயரத்தில், பல்புக்கு நேர் கீழே பிடித்தோம்: 41. பல்பை அணைத்து ஒரு மணி நேரம் கழித்து அதே இடத்தில்: 38. ஆக, பகலில் தகரமே தேவைக்கு மேல் சூடு கொடுத்துக்கொண்டிருந்தது. 400 வாட் பல்பு அதற்கு மேல் தண்டம்.

செத்த குஞ்சில் மூன்றை எடுத்துக்கொண்டு மகன் அரசு கால்நடை மருந்தகத்துக்குப் போனான். மருத்துவர் அறுத்துக் காட்டினாராம். தீனிப்பை காலி, கால் தோல் சுருங்கி நரம்பு தெரிந்தது, சிறுநீரகம் வீங்கி வெளிறி அதன் குழாயில் வெள்ளையாகச் சுண்ணாம்பு மாதிரி உப்பு அடைத்திருந்தது. தண்ணீர் வற்றிப்போனதன் அடையாளம், தொற்று நோய் எதுவும் தெரியவில்லை என்று சொல்லி உப்புச்சத்துத் தூள் கொடுத்து அனுப்பினார். உயிரோடு இருந்ததில் முப்பதுக்கு மேற்பட்ட குஞ்சுக்குப் பின்புறத்தில் எச்சம் ஒட்டிக் காய்ந்து அடைத்திருந்தது. அதுவும் சூட்டில் வருவதுதான்.

என்ன மாற்றினோம், ஏன்

முதலில் தண்ணீர். மற்ற எதற்கும் முன்னால் அதைத்தான் செய்ய வேண்டும் என்பது என் கருத்து. தொட்டித் தண்ணீரை நிறுத்தி, விடிகாலையில் அடிபம்பில் அடித்த தண்ணீரை மூன்று மண்பானையில் நிரப்பி வேப்பமர நிழலில் வைத்தோம். அதிலிருந்து இரண்டு மணிக்கொரு தரம் குவளையை மாற்றுவது என்று முறை. நான்கு குவளை எட்டானது. முதல் நாள் மட்டும் மருத்துவர் கொடுத்த தூளைக் கலந்தோம். சோர்ந்த குஞ்சு ஒவ்வொன்றையும் பிடித்து அலகை ஒரு தரம் தண்ணீரில் தொட்டுவிட்டோம். பானைத் தண்ணீரில் அலகு பட்டதும் குஞ்சு தலையைத் தூக்கி விழுங்கும், உடனே மறுபடி குனியும். அந்த இரண்டாவது குனிதலைப் பார்த்த பிறகுதான் எனக்கு நம்பிக்கை வந்தது.

இரண்டாவது காற்று. தார்ப்பாயும் சாக்கும் போயின. ஒன்றரை அடி உயரத்துக்கு மட்டும் வளையத்தைச் சுற்றி அட்டை நின்றால் போதும், குஞ்சு மேல் நேராக அடிக்காது. அதற்கு மேல் கிழக்கும் மேற்கும் திறந்தே இருக்கட்டும் என்று விட்டோம். வீட்டிலிருந்த நிற்கும் மின்விசிறியை மேற்கு வலையோரம் வைத்து, உள்காற்றை வெளியே தள்ளும்படி திருப்பினோம். பிற்பகலில் கடல்காற்று கிளம்பினால் கிழக்கிலிருந்து தானாக வரும்.

மூன்றாவது கூரை. தகரத்தின் மேல் பழைய கீற்று இரண்டு வரிசை, அதன் மேல் வைக்கோல். கணவர் நாற்றங்காலை விட்டுவிட்டு அரை நாள் வந்து போட்டுக்கொடுத்தார். பதினொன்றிலிருந்து மூன்று வரை வைக்கோல் மேல் தண்ணீர் தெளித்தோம். "உள்ள நனைச்சா தப்பு, மேல நனைச்சா சரியா?" என்று மகன் கேட்டான். நியாயமான கேள்வி. கூரை மேல் ஆவியாகும் ஈரம் வெளியே போய்விடுகிறது, குளிர்ச்சி மட்டும் தகரத்துக்கு வருகிறது. உள்ளே ஆவியானது உள்ளேயே நிற்கிறது. மறுநாள் ஒரு மணிக்குக் குஞ்சு உயரத்தில் 34 காட்டியது. முதல் வாரக் குஞ்சுக்கு அது போதுமான சூடு. பகலில் பல்பே தேவைப்படவில்லை.

நனைந்த உமியை அள்ளிவிட்டுப் புது உமி போட்டோம். பின்புறம் அடைத்த குஞ்சுகளை வெதுவெதுப்பான தண்ணீரில் நனைத்த துணியால் ஊறவைத்துத் துடைத்து, தேங்காய் எண்ணெய் தொட்டு வைத்தார் அந்தப் பெண். காய்ந்ததைப் பிய்த்தால் தோலும் வந்துவிடும் என்று சொல்ல வேண்டியிருக்கவில்லை, அவருக்கே அந்தக் கை இருந்தது.

ஏற்கெனவே ஒடுங்கிப்போன 5 குஞ்சு அன்று மாலைக்குள் செத்தது. மீதி 169.

மூன்றாம் இரவு: என் தவறு

200 குஞ்சுக்கு 5 அடி வளையம் நெருக்கடி. பெரிதாக்கத் தகடு போதவில்லை. பரவாயில்லை என்று வளையத்தையே எடுத்துவிட்டு, கொட்டகையில் பாதியை அட்டையால் தடுத்துக் கொடுத்தேன். பகல் புழுக்கத்தையே நினைத்துக்கொண்டிருந்ததால், இரவுக்கு ஒரு பல்பு மட்டும் போடச் சொன்னேன்.

இரவு இரண்டு மணிக்கு இடியோடு கோடை மழை. காற்று மேற்கு வலை வழியே நேராக அடித்தது. கரண்ட் போனது. குளிர்ந்த குஞ்சுகள் சுவர் மூலைக்கு ஓடி ஒன்றன் மேல் ஒன்று ஏறின. பெண் டார்ச் எடுத்துக்கொண்டு போய்ப் பார்க்கையில் அடியில் கிடந்த 7 மூச்சுமுட்டிச் செத்திருந்தன.

இது சூட்டுச் சாவு இல்லை, ஆனால் சூட்டுக்காக நான் செய்த மாற்றத்தால் வந்த சாவு. வட்ட வளையம் வெறும் அலங்காரத்துக்கு இல்லை. மூலை இருந்தால் குஞ்சு மூலையில் குவியும், வட்டத்தில் குவிய இடமில்லை. எனக்குத் தெரிந்த விஷயம்தான், அன்று கவனம் தப்பியது. மறுநாள் அட்டைப் பெட்டிகளைக் கிழித்து நான்கு மூலையையும் வளைவாக அடைத்தோம். தார்ப்பாயைச் சுருட்டி வலைக்கு மேலே கட்டி வைத்தோம், மழை வந்தால் ஓர் இழுப்பில் இறங்கும்படி. இரவு பதினொன்றிலிருந்து காலை ஆறு வரை இரண்டு பல்பு. கரண்ட் போனால் வெந்நீர் ஊற்றிய சில்வர் குடத்தை மூடிச் சாக்கில் சுற்றி நடுவில் வைப்பது. கரி அடுப்பு வைக்கலாமா என்று கேட்டார்கள். வேண்டாம் என்றேன். மூடிய இடத்தில் கரிப்புகை, மேலே கீற்று.

குடம் இரண்டு இரவு பயன்பட்டது. குஞ்சுகள் அதைச் சுற்றிச் சாய்ந்து படுத்திருந்ததைப் பார்த்தால் தாய்க்கோழி என்றே நினைத்திருக்கும் போல.

பாட்டியின் ஒன்பது குஞ்சு

பாட்டி இதற்கெல்லாம் நடுவே தனியாக ஒரு வேலை பார்த்திருந்தார். அவருடைய கோழி ஒன்று அதே வாரம் பொரித்து ஆறு குஞ்சோடு இருந்தது. இரண்டாம் நாள் இருட்டிய பிறகு, கொட்டகையிலிருந்து ஒன்பது குஞ்சை மடியில் எடுத்துப்போய் அதன் இறக்கைக்குக் கீழே சொருகிவிட்டார். காலையில் கோழி எண்ணிப் பார்க்கவா போகிறது? பதினைந்தையும் கூட்டிக்கொண்டு கிளம்பியது. ஒன்பதில் ஒன்றுகூடச் சாகவில்லை.

"தம்பி, வெயில் ஏறுனா அது பூவரசு நிழலுக்குக் கூட்டிட்டுப் போயிருது. நீங்க பல்ப நடுவுல கட்டிவச்சிட்டு அங்கயே நில்லுன்னா எப்புடி?" என்றார் என்னிடம்.

இதை வைத்துக் கோழியே போதும் என்று சொல்ல மாட்டேன். அவர் எடுத்துப்போனது திடமாக ஓடிய குஞ்சுகள், இருநூறையும் ஒரு கோழி அணைக்காது. நான்காம் நாள் இன்னொரு கோழியிடம் ஆறு குஞ்சைப் பகலில் விட்டுப் பார்த்தோம், கொத்தித் துரத்திவிட்டது. வயது ஏறினால் குஞ்சும் ஒட்டாது, கோழியும் ஏற்காது. ஆனால் அவர் சொன்ன விஷயத்தைக் கொட்டகைக்குள் கொண்டுவர முடிந்தது. பல்பு இரண்டையும் ஓர் ஓரத்துக்கு மாற்றி, தீனியும் தண்ணீரும் எதிர் ஓரத்தில் வைத்தோம். சூடு வேண்டியது அங்கே போகும், வேண்டாதது இங்கே நிற்கும். அதற்கப்புறம் இரவில் பல்பு எத்தனை என்ற சண்டையே வீட்டில் வரவில்லை. குஞ்சு நிற்கும் இடத்தைப் பார்த்து ஒன்றை அணைப்பதும் போடுவதுமாக இருந்தார்கள்.

தடுப்பு மருந்தும் மூன்றாம் வாரமும்

வெள்ளைக்கழிச்சலுக்கு லசோட்டா சொட்டு ஏழாம் நாள் போட வேண்டியது. குஞ்சு அப்போதுதான் தேறிக்கொண்டிருந்ததால் மருத்துவரிடம் கேட்டு ஒன்பதாம் நாளுக்குத் தள்ளினோம். மருந்து 2 முதல் 8 டிகிரிக்குள் இருக்க வேண்டியது. இந்த வெயிலில் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வந்தால் போட்டும் போடாததும் ஒன்றுதான். பனிக்கட்டி வைத்த பிளாஸ்கில் கொண்டுவந்து, காலை ஐந்தரைக்குத் தொடங்கி, வெயில் ஏறுமுன் குஞ்சுக்கு ஒரு சொட்டு வீதம் கண்ணில் விட்டு முடித்தோம். நான்காம் நாளிலிருந்து ஏழாம் நாள் வரை 3 செத்தது. அப்புறம் இரண்டு வாரத்துக்குச் சாவு இல்லை.

22ஆம் நாள் தண்ணீர்க் குவளைப் பக்கம் எச்சத்தில் ரத்தம். ரத்தக்கழிச்சல். அது குடலில் வாழும் ஒட்டுண்ணியால் வருவது. எச்சத்தோடு வெளியே வரும் அந்த ஒட்டுண்ணியின் முட்டைக்கு ஈரமும் வெதுவெதுப்பும் இருந்தால் உமியிலேயே வீரியம் வந்துவிடும். எட்டுக் குவளை வைத்த கொட்டகையில் எட்டு ஈர இடம் இருக்கத்தான் செய்யும், அதை நாங்கள் யோசிக்கவில்லை. மருத்துவர் எழுதிய ஆம்புரோலியம் தூளைக் குடிநீரில் கலந்து ஐந்து நாள் கொடுத்தார்கள். குவளையைச் செங்கல் மேல் ஏற்றி, கீழே சிந்தும் உமியைத் தினமும் மாற்றினார்கள். 6 போனது, மற்றவை தப்பின.

கணக்கு

204 வந்தது. பெட்டியில் 3, முதல் இரண்டு நாளும் மூன்றாம் நாள் விடியலுமாக 27, மூன்றாம் நாள் பகலில் 5, அன்றிரவு மூலையில் 7, அந்த வாரத்திலேயே இன்னும் 3, ரத்தக்கழிச்சலில் 6. வெளியே விடத் தொடங்கிய பிறகு கீரி பிடித்தது 2. எட்டாவது வாரம் ஊசி போடும்போது கையில் 151. நான்கில் ஒரு பங்கு நஷ்டம். அதில் பாதிக்கு மேல் முதல் மூன்று நாளுக்குள், வெந்நீரையும் ஈரக்காற்றையும் வைத்துக்கொண்டு நடந்தது.

மறுமுறை மாற்றியது

ஆடிக் கடைசியில் 100 குஞ்சு எடுத்தார்கள். முதல் வாரத்தில் செத்தது 3. இதை மே மாதத்தோடு ஒப்பிட்டுப் பெருமைப்பட மாட்டேன், வெயில் வேறு. ஆனால் செய்த மாற்றங்கள் இவை: இரவு வண்டியில் வந்து விடியுமுன் இறக்க வேண்டும், வெயில் ஏறினால் பெட்டியை வாங்க மாட்டோம் என்று முன்பணம் கொடுக்கும்போதே பேசிக்கொண்டார்கள். பெட்டி வரும் முன்பே பானைத் தண்ணீர் குவளையில் இருந்தது, இறக்கியதும் முதல் இரண்டு மணி நேரம் தண்ணீர் மட்டும், அப்புறம் தாள் மேல் தீனி. 9 அடி வளையத்துக்குத் தகடு வாங்கியிருந்தார்கள். வெப்பமானி இப்போது ஒரு கயிற்றில் தரையிலிருந்து மூன்று அங்குலத்தில் தொங்குகிறது. கால் தடுக்குகிறது என்று பாட்டி தினமும் திட்டுகிறார்.

தகரத்தை எடுத்துவிட்டு முழுக் கீற்றுக் கூரையாகவே போட்டுவிடச் சொன்னேன். கீற்று வருஷத்துக்கு ஒரு தரம் மாற்ற வேண்டும், புயல் வந்தால் முதலில் பறப்பது அதுதான், கஜாவில் பறந்ததை மறக்கவில்லை என்றார் கணவர். தகரம் இருக்கட்டும், பங்குனியில் மேலே வைக்கோல் ஏற்றி ஐப்பசி மழைக்கு முன் இறக்கிவிடுகிறோம் என்பது அவர்கள் முடிவு. அடுத்த கத்திரிக்குக் குஞ்சு எடுப்பதா வேண்டாமா என்று வீட்டில் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.